நாற்பத்தெட்டு நாள் பத்தியம்

ஆகஸ்ட் 5, செவ்வாய்

இந்த நோட்டை ஜெபக்கனி சிஸ்டர் கொடுத்துவிட்டுப் போயிருக்கிறாள். ஆஸ்பத்திரியிலிருந்து வீட்டுக்கே வந்து பார்க்கிற நர்ஸ். இனிமேல் செவ்வாயும் வெள்ளியும் வருவாளாம். "மருந்து, வலி, சாப்பாடு, வெளிக்குப் போனது, நாலும் தெனமும் எழுதி வைங்கக்கா" என்றாள். பத்தொன்பது வருஷமாகச் சத்துணவுக் கூடத்தில் ரிஜிஸ்டர் எழுதுகிறவளுக்கு வந்து நோட்டு எழுதச் சொல்லிக்கொடுக்கிறாள்.

சரி, எழுதுகிறேன்.

பெயர் நம்பிராஜன், என் வீட்டுக்காரர். வயது ஐம்பத்து நாலு. உப்பு லாரி ஓட்டியவர். உணவுக்குழாயில் கட்டி. அது ஈரல் வரைக்கும் போய்விட்டது என்று பெரிய டாக்டர் போன வாரம் என்னை மட்டும் தனியே கூப்பிட்டுச் சொன்னார். ஆபரேஷன் செய்ய முடியாதாம். கரண்ட், அதாவது ரேடியேஷன், வைத்தும் பிரயோஜனம் இல்லையாம். கடைசியில் மேஜையைப் பார்த்துக்கொண்டே, "வீட்டுக்குக் கூட்டிட்டுப் போங்கம்மா. கேட்டதைச் செஞ்சு குடுங்க" என்றார்.

எனக்கு அந்த வார்த்தை தெரியும். ஊரில் யாருக்குத்தான் தெரியாது. எங்கப்பாவைப் பார்த்துவிட்டு ஒரு டாக்டர் இதையே சொன்னபோது, லாரியைப் பாதி வழியில் நிறுத்திவிட்டுப் போய் அப்பா கேட்ட ஆட்டுக்கால் வாங்கி வந்தவர் இவர்தான். ஆறாம் நாள் அப்பா போய்விட்டார்.

இவரிடம் புண் என்று சொல்லியிருக்கிறேன். மருந்தில் ஆறிவிடும் என்று டாக்டர் சொன்னதாகவும் சொல்லியிருக்கிறேன். கேட்டதைச் செய்து கொடுக்கிற வேலையை நான் செய்யப்போவதில்லை.

மருந்து: வலி மாத்திரை மூன்று வேளை. வலி: பத்துக்கு நாலு என்கிறார். சாப்பாடு: இட்லி ஒன்றரை. வெளிக்கு: இல்லை.

ஆகஸ்ட் 6, புதன்

நாட்டு வைத்தியரிடம் போய்ச் சூரணம் வாங்கி வந்தேன். தேனில் குழைத்துக் காலையும் மாலையும் கொடுக்க வேண்டும். ஒரு மண்டலம், நாற்பத்தெட்டு நாள். புளி கூடாது, உப்பு பாதிதான். மீன், கறி, கத்திரிக்காய், டீ, எண்ணெய்ப் பலகாரம், எதுவுமே கூடாது. கேட்கக் கேட்க எனக்கு மனசு தெளிந்துவிட்டது. சாகப்போகிற மனுஷனுக்கு யாராவது பத்தியம் சொல்வார்களா?

இன்றைக்கு முதல் நாள்.

சூரணத்தை வாயில் வைத்ததும் முகத்தைச் சுளித்தார். "எத்தன நாளைக்கு உலகு?" என்றார். என் பேர் உலகம்மாள், அவருக்கு உலகு. "நாப்பத்தெட்டு. ஒரு நாள் கொறஞ்சாலும் பலிக்காது" என்றேன். விரலை மடக்கி என்னவோ எண்ணினார்.

ஆகஸ்ட் 8, வெள்ளி

சிஸ்டரிடம் சூரணத்தைக் காட்டினேன். மோந்து பார்த்தாள். "குடுக்கிறதுனா குடுங்க. ஆனா அதுக்காக வாயைக் கட்டாதீங்கக்கா, ஏற்கெனவே மெலிஞ்சிட்டாவ" என்றாள். இருபத்தேழு வயசு. நாக்கைப் பார், நீளம்.

மலச்சிக்கலுக்கு மருந்து கொடுத்தாள். வலி மாத்திரை சாப்பிட்டால் அப்படித்தான் கட்டுமாம். சாயங்காலம் போனார். வீட்டில் ஒரு கல்யாணம் முடிந்த மாதிரி நிம்மதி. நாமும் எதெதற்கெல்லாம் சந்தோஷப்படுகிறோம்.

ஆகஸ்ட் 10, ஞாயிறு

தெருவில் மீன்காரம்மா சத்தம். இவர் தலையைத் தூக்கிப் பார்த்தார்.

"உலகு, சாளைக் குழம்பு வைக்கலாம்லா?"

"பத்தியம்."

"கொழம்பு மட்டும்ளா. மீனு வேண்டாம்."

"நாப்பத்தெட்டு நாள் நாக்கைக் கட்ட முடியாதா உங்களுக்கு? கொண்டுவந்த சூரணத்தைக் குப்பையில கொட்டவா? வாயை மூடிட்டுப் படுங்க."

சிரித்தார். திட்டு வாங்கிவிட்டுச் சிரிக்கிற மனுஷனை இன்றைக்குத்தான் பார்க்கிறேன். சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்து இரண்டு மணி நேரம் நன்றாகத் தூங்கினார்.

வலி: நாலு. இட்லி ஒன்று.

ஆகஸ்ட் 13, புதன்

மறுபடியும் மீன். மறுபடியும் திட்டு. எட்டாம் நாள்.

ஆகஸ்ட் 15, வெள்ளி

பள்ளிக்கூடத்தில் கொடியேற்றிவிட்டு ஆயா என் பங்கு மிட்டாயைக் கொண்டுவந்து கொடுத்தாள். இவர் கையை நீட்டினார். தட்டிவிட்டேன். ஆயா போகும்போது வாசலில் வைத்து, "ஏன் டீச்சர், பாவம், ஒரு மிட்டாய்தான" என்றாள். பிள்ளைகளுக்குப் போடுகிற முட்டையில் இவள் ஒளித்துவைப்பதை நான் கேட்கிறேனா? என் வீட்டுச் சமாச்சாரத்தில் வந்து பாவம் பார்க்கிறாள்.

ஆகஸ்ட் 19, செவ்வாய்

இட்லி இறங்கவில்லை. கஞ்சிதான். தலையணை மூன்று வைத்துச் சாய்த்து உட்காரவைக்கக் கற்றுக்கொடுத்தாள் சிஸ்டர். வாய்ப்புண்ணுக்கு உப்புத் தண்ணீரில் பஞ்சை நனைத்துத் துடைக்கவும் காட்டினாள். கை பதமான கை, அதைச் சொல்லத்தான் வேண்டும்.

போகும்போது என்னிடம் மெதுவாக, "அண்ணாச்சி ஏதாவது கேட்டாவளா? நோயைப் பத்தி?" என்றாள்.

"அவருக்கு ஒண்ணும் தெரியாது. நீயும் சொல்லக் கூடாது."

"நானா சொல்ல மாட்டேன்க்கா. அவுக கேட்டா பொய் சொல்லவும் மாட்டேன்."

அவர் கேட்கமாட்டார். மீனைத் தவிர அவர் எதையும் கேட்பதில்லை.

ஆகஸ்ட் 20, புதன்

பதினைந்தாம் நாள். கன்னம் கொஞ்சம் தெளிந்த மாதிரி இருக்கிறது. சூரணம் வேலை செய்கிறது.

ஆகஸ்ட் 24, ஞாயிறு

மகள் சுபத்ரா கோயம்புத்தூரிலிருந்து வந்து இரண்டு நாள் இருந்துவிட்டுப் போனாள். அவளுக்கு எல்லாம் தெரியும். அப்பா தூங்கும்போது அடுப்படியில் நின்று அழுதாள். "அப்பா ஆசையா மீன் கேக்குதாவ, நீ ஹிட்லர் மாதிரி பண்ணுத. நாளைக்கு நீதாம்மா அழுவ" என்றாள். கன்னத்தில் ஒன்று வைத்தேன். கல்யாண வயசுப் பெண்ணை அடித்துவிட்டேன். பஸ் ஏறும்போது அவள் என் கையைப் பிடித்துக்கொண்டாள். நான்தான் முகத்தைத் திருப்பிக்கொண்டேன்.

கன்னம் தெளிந்ததாக எழுதியிருந்தேன். அது வீக்கமாம்.

ஆகஸ்ட் 29, வெள்ளி

வலி: நாலு. எப்போது கேட்டாலும் நாலுதான். ஆனால் போர்வை ஓரத்தை வாயில் வைத்துக் கடித்திருக்கிறார், நூல் பிரிந்து கிடக்கிறது. சிஸ்டர் அதைப் பார்த்துவிட்டு, "அண்ணாச்சி, நெசமா நாலுதானா?" என்றாள். "நாலுதாம்மா. கொறஞ்சிட்டு வருது" என்றார். என்னைப் பார்த்துச் சொன்னார்.

செப்டம்பர் 2, செவ்வாய்

கஞ்சித் தண்ணீர் அரை டம்ளர். அதுவும் பாதி வெளியே வந்துவிட்டது. சூரணத்தை நாக்கில் தடவினேன். அப்படியும் சாயங்காலம் மீன் கேட்டார். குரல் காற்றாக வருகிறது. எனக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது. தண்ணீரே இறங்காதவருக்கு மீன் எதற்கு? "இன்னும் இருவது நாளு. அதுக்கப்பொறம் ஒரு கூடை வாங்கித் தலையில கவுக்கேன்" என்றேன். சிரித்தார். கண்ணில் தண்ணீர் வருகிற அளவுக்குச் சிரித்தார்.

செப்டம்பர் 5, வெள்ளி

சிஸ்டரோடு சண்டை. அடுப்படியில் வைத்து.

அவள் ஆரம்பித்தாள். "அக்கா, இன்னும் ஒரு வாரம் போனா தண்ணியும் எறங்காது. ஒரு சொட்டுக் கொழம்பை நாக்குல வைங்க. ருசி தெரியுத வரைக்கும்தான் குடுக்க முடியும்."

"பத்தியம் முடியட்டும்."

"இந்தப் பத்தியம் யாருக்குக்கா? அண்ணாச்சிக்கா, உங்களுக்கா?"

டீயைக் குடித்துவிட்டுக் கிளம்பு என்று சொன்னேன். அவள் குடிக்கவில்லை. அங்கேயே நின்றாள். "எங்கம்மா கடைசியா என்கிட்ட ஒரு வாய் ஐஸ் கேட்டாவ. சளி பிடிக்கும்னு குடுக்கல. நர்ஸ் படிச்சவ நான். ஏழு வருஷமாச்சு, ஐஸ் வண்டி மணி கேட்டா வீட்டுக்குள்ள போயிருதேன்" என்றாள். அழவில்லை. பையை எடுத்துக்கொண்டு போய்விட்டாள்.

நான் அழுதேன். குழாயைத் திறந்துவிட்டு அழுதேன். முப்பது வருஷம் அந்த மனுஷன் உப்புத் தூசியில் கண் சிவந்து வந்து என்னிடம் கேட்டது சோறு ஒன்றுதான். நான் என்ன செய்துகொண்டிருக்கிறேன்?

செப்டம்பர் 6, சனி

முப்பத்திரண்டாம் நாள்.

காலையில் பக்கத்து வீட்டுப் பெண்ணை உட்காரவைத்துவிட்டு நானே சந்தைக்குப் போனேன். சாளை கண்ணாடி மாதிரி வந்திருந்தது. சின்ன வெங்காயம் உரித்து, தேங்காய் அரைத்து, புளி கரைத்து, மண்சட்டியில் வைத்தேன். கொதி வந்ததும் வாசனை நடை வரைக்கும் போயிருக்கும். அவர் கூப்பிடுவார் என்று காது கொடுத்தேன். கூப்பிடவில்லை.

குழம்பை மட்டும் வடிகட்டி, கரைத்த சோற்றில் இரண்டு கரண்டி விட்டு, கிண்ணத்தில் கொண்டுபோனேன். சந்தோஷமாகத்தான் போனேன். கல்யாணமான புதிதில் முதல் சமையலைக் கொண்டுபோய் வைத்தேனே, அந்த மாதிரி.

"இந்தாருங்க. கேட்டீங்கள்லா, சாளைக் குழம்பு."

அவர் கிண்ணத்தைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். முகத்தில் இருந்த தெம்பெல்லாம் இறங்கியது. எனக்கு ஒன்றும் புரியவில்லை. மீன் வேண்டாமோ, வாசனை குமட்டுகிறதோ என்று நினைத்தேன்.

"இன்னும் பதினாறு நாள் இருக்குல்லா" என்றார்.

"இருக்கட்டும். ஒரு நாள் சாப்பிட்டா ஒண்ணும் ஆவாது."

"ஒரு நாள் கொறஞ்சாலும் பலிக்காதுன்னு நீதான சொன்ன?"

அவர் என் கையைப் பிடித்தார். பிடி எதுவுமே இல்லை, கை மேல் கை கிடந்தது.

"உலகு. கேட்டதைக் குடுன்னுட்டாவளா?"

பொய் சொல்லியிருக்கலாம். ஒரு மாசமாகச் சொன்னவள்தானே. இன்றைக்கு வாயில் வரவில்லை.

"எனக்குத் தண்ணியே எறங்கல. மீனு எப்படிட்டி எறங்கும்? அது எனக்குத் தெரியாதா? மீனு திங்கவா தெனமும் கேட்டேன்?" மூச்சு வாங்கியது. நிறுத்தி நிறுத்திச் சொன்னார். "நீ மாட்டேன்னு சொல்லணும்னு கேட்டேன். நீ திட்டுனா, சரி, டாக்டரு இன்னும் கைவிடலன்னு நெனச்சிக்கிடுவேன். அன்னைக்குத் தூக்கம் வரும்."

கிண்ணம் என் கையில்தான் இருந்தது. அதை எங்கே வைப்பது என்று தெரியவில்லை.

அழுதார். எங்கப்பா செத்த அன்றைக்குக்கூட அழாத மனுஷன், தேம்பக்கூட சத்து இல்லாமல் அழுதார். பிறகு விரலைக் குழம்பில் தொட்டு நாக்கில் வைத்தார். எனக்காகத்தான். "உப்பு கம்மி" என்றார். உப்பு லாரி ஓட்டியவர் வீட்டில் உப்பு கம்மி. பத்தியம் சமைத்துச் சமைத்துக் கை பழகிவிட்டது.

வலி: கேட்கவில்லை.

செப்டம்பர் 7, ஞாயிறு

சட்டியோடு குழம்பைப் பக்கத்து வீட்டில் கொடுத்துவிட்டேன். நல்லா இருந்தது என்று சட்டியைக் கழுவித் தந்தார்கள்.

அவர் இன்றைக்கு எதுவும் கேட்கவில்லை.

செப்டம்பர் 9, செவ்வாய்

அவரே சிஸ்டரிடம் கேட்டார். எத்தனை நாள் என்று. அவள் கட்டில் ஓரத்தில் உட்கார்ந்து, "தெரிஞ்சிக்கிடணுமா அண்ணாச்சி?" என்றாள். தலையை ஆட்டினார். "நாள் கணக்கு எனக்குத் தெரியாது. மாசக் கணக்கு இல்ல" என்றாள். நான் கதவைப் பிடித்துக்கொண்டு நின்றேன்.

"வலி இல்லாமப் போவணும்" என்றார்.

"அது என் பொறுப்பு. ஆனா நீங்க நெசத்தைச் சொல்லணும். வலி எத்தனை?"

"எட்டு. போன மாசத்துல இருந்தே எட்டுதான்."

நான் எழுதிவைத்த நாலெல்லாம் எட்டாம். இந்த நோட்டு முழுக்கப் பொய். எட்டு என்று சொன்னால் நோய் முற்றியதாகிவிடும், உலகு பயந்துபோவாள் என்று போர்வையைக் கடித்துக்கொண்டு கிடந்திருக்கிறார். நான் சூரணம் வேலை செய்கிறது என்று எழுதிக்கொண்டிருந்திருக்கிறேன். சத்தியமாகச் சொல்கிறேன், என்னை யாராவது செருப்பால் அடித்தால் தேவலை என்று இருந்தது.

சிஸ்டர் டாக்டரோடு போனில் பேசி மருந்தைக் கூட்டினாள். தோலுக்கு அடியில் சின்ன ஊசி வைத்து அது வழியாகவே போகும்படி செய்தாள். ஆஸ்பத்திரிக்கு வேண்டாம், மூக்கில் குழாய் வேண்டாம், வீட்டிலேயே இருக்கிறேன் என்றார். எழுதிக்கொண்டாள். என்னையும் கையெழுத்துப் போடச் சொன்னாள். போட்டேன்.

சாயங்காலம் வலி: இரண்டு. இது நிஜம்.

செப்டம்பர் 10, புதன்

சுபத்ரா லீவு போட்டு வந்துவிட்டாள். அப்பாவுக்கு நகம் வெட்டினாள். அடித்ததைப் பற்றி அவளும் பேசவில்லை, நானும் பேசவில்லை. ராத்திரிச் சாப்பாட்டை ஒரே தட்டில் பிசைந்து இரண்டு பேரும் தின்றோம்.

செப்டம்பர் 11, வியாழன்

நாலைந்து நாளாக நான் அவரிடம் அதிர்ந்து பேசவில்லை. மெத்தையைத் தட்டிப்போட்டு, "சாஞ்சுக்கிடுதீங்களா", "விசிறட்டுமா" என்று தேனாகப் பேசுகிறேன். இன்றைக்குக் கையை அசைத்து அருகே கூப்பிட்டார்.

"யாரோ மாதிரிப் பேசுத. ஆஸ்பத்திரியில கெடக்குத மாதிரி இருக்கு."

"வேற எப்படிப் பேசச் சொல்லுதீங்க?"

"கேட்டதைக் குடுப்பியா?"

"குடுக்கேன். என்ன வேணும்?"

"திட்டு."

முடியாது என்றேன். எப்படித் திட்ட முடியும்? அவர் கண்ணை மூடிக்கொண்டு காத்திருந்தார். பிறகு, வாய்க்குள்ளேயே, "உலகு, சாளைக் குழம்பு வைக்கலாம்லா?" என்றார்.

தொண்டையைச் செருமிக்கொண்டேன். "பத்தியம்னு எத்தன தடவை சொல்ல? நாக்கைக் கட்ட முடியாத மனுசன் எதுக்கு மருந்து திங்கணும்?" என்றேன். பாதியில் குரல் உடைந்துவிட்டது. அவர் விடவில்லை. "சரியில்ல. சத்தமா" என்றார். சத்தமாகத் திட்டினேன். சுபத்ரா அடுப்படியிலிருந்து ஓடிவந்து, அம்மாவுக்கு என்ன ஆயிற்று என்று பார்த்தாள். அவர் சிரித்துக்கொண்டிருந்தார். நான் அழுதுகொண்டே திட்டிக்கொண்டிருந்தேன்.

இரண்டு மணி நேரம் தூங்கினார்.

செப்டம்பர் 12, வெள்ளி

கேட்டார். திட்டினேன்.

செப்டம்பர் 13, சனி

உதடு மட்டும் அசைந்தது. திட்டினேன். சிரித்தாரா என்று தெரியவில்லை. வலி இல்லாத முகம்தான்.

செப்டம்பர் 18, வியாழன்

சிஸ்டர் நேற்று வந்தாள். நோட்டைத் திருப்பித் தர வேண்டுமா என்று கேட்டேன். "உங்ககிட்டயே இருக்கட்டும்க்கா" என்றாள். அப்படியானால் முடித்து எழுத வேண்டும். ரிஜிஸ்டரை அரைகுறையாக மூடி வைத்து எனக்குப் பழக்கமில்லை.

செப்டம்பர் 15, திங்கள். காலை ஒன்பது மணிக்கு மேல் மூச்சு விட்டு விட்டு வந்தது. போன் செய்ததும் சிஸ்டர் வந்துவிட்டாள். "இது அவுகளுக்கு வலிக்காது. காது கேக்கும், பேசுங்க" என்றாள். சுபத்ரா காலைப் பிடித்துக்கொண்டிருந்தாள். வீடு நிறைய ஆட்கள்.

இவருடைய அக்கா, ஆவுடை மதினி, திருச்செந்தூரிலிருந்து முதல் பஸ்ஸில் வந்திருந்தாள். அடுப்படிக்குப் போய் ஒரு டம்ளரில் பால் ஊற்றிக்கொண்டு வந்தாள். கடைசிப் பால். அவள் செய்ததில் தப்பு ஒன்றும் இல்லை. உலகத்தில் எல்லோரும் செய்வதுதான். "தம்பிக்கு ஒரு வாய் பால் ஊத்தி அனுப்பிருவோம் உலகு. நீ மொதல்ல ஊத்து" என்று டம்ளரை என் கையில் கொடுக்க வந்தாள்.

"ஊத்தக் கூடாது மதினி. பத்தியம்."

"என்னளா சொல்லுத?"

"பத்தியம். நாப்பத்தெட்டு நாளு. இன்னைக்கு நாப்பத்தொண்ணுதான் ஆவுது. பாலு கூடாது."

வைத்தியர் பாலைச் சொல்லவே இல்லை. நான்தான் சொன்னேன். மதினி டம்ளரோடு நின்றாள். யாரோ, புத்தி பெசகிப்போச்சு பாவம் என்றார்கள். யாரோ என் தோளைப் பிடித்து இழுத்தார்கள். ஜெபக்கனிதான் அந்தக் கையை எடுத்துவிட்டாள். "அக்கா பேசட்டும், விடுங்க" என்றாள்.

நான் கட்டிலில் ஏறி உட்கார்ந்து அவர் காதில் வாயை வைத்து, வீட்டில் இருந்த அத்தனை பேருக்கும் கேட்கிற மாதிரித் திட்டினேன். இன்னும் ஏழு நாள் பாக்கி இருக்கு, அதுக்குள்ள என்ன அவசரம் உங்களுக்கு, சொன்ன பேச்சை என்னைக்காவது கேட்டிருக்கீங்களா, ஒரு ஏழு நாள் இருக்க முடியாதா என்று திட்டினேன். மூச்சு ஒரு தடவை வந்தது. நிறுத்தாமல் திட்டினேன். அடுத்தது வர நேரமானது.

சிரிப்பார் என்று முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன்.